சுரத்துக்கு முன்னால் ஒரு மூச்சு

மச்சான்,

நீ போனை எடுப்பதில்லை, அதனால் எழுதுகிறேன். யார் யார் படத்துக்கோ உன் பக்கத்தில் உட்கார்ந்து கிட்டார் வாசித்த நான் இப்போது இசையமைப்பாளன்.

என் படத்துக்கு வாசிக்க உன்னைக் கூப்பிடவில்லை. "ஆள் எதுக்கு தம்பி? அவர் வாசிச்சதுதான் கீபோர்டுலயே இருக்கே" என்றார் தயாரிப்பாளர். தலையாட்டினேன். கிட்டார்காரன் வயிற்றில் கிட்டார்காரனே அடிப்பதற்குப் பெயர் முன்னேற்றம்.

அந்தக் கீபோர்டு கம்பெனிக்காரன் உன்னை மூன்று நாள் உட்காரவைத்து ஒவ்வொரு சுரமாகப் பதிவுசெய்து பிடுங்கிக்கொண்டானே, அதுதான். கீபோர்டில் ஒரு கட்டையை அழுத்தினால் உன் விரல் கேட்கிறது. அதற்கு முன்னால் நீ மூச்சை இழுப்பதும் கேட்கிறது. ஒலிப்பதிவு இன்ஜினியர் அந்த மூச்சை வெட்டியெடுத்தார். மறுநாள் காலையில் போட்டால் மூச்சு அங்கேயே இருந்தது.

"வெட்டினேன் சார், சத்தியமா!" என்றவர் அப்புறம் வேலைக்கு வரவில்லை.

இன்று சாவுக் காட்சிக்காகக் கட்டையை அழுத்தினேன். நீ மூச்சை இழுத்தாய். சுரம் வரவில்லை. இழுத்த மூச்சை நீ வெளியே விடவும் இல்லை. அரை மணி நேரமாகிறது.

தங்கச்சிக்குப் போன் போட்டு உன்னைப் பற்றிக் கேட்கப் பயமாக இருக்கிறது. என் மேல் கோபத்தில்தான் பேசாமல் இருக்கிறாய் என்று நம்புகிறேன். நாலு கெட்ட வார்த்தையாவது எழுதிப் போடுடா.

இன்னும் உன் மச்சான்தான்.