அறுபத்து நாலு ஜிபியில் பத்து நிமிஷம்

ஜன. 22, வியாழன்
எங்கள் அடையாறு ஸ்டூடியோவில் நாலு வருஷமாக ஆல்பம் டிசைன் செய்கிறேன். ஞாயிற்றுக்கிழமைதான் முதல்முறை வீடியோ கேமராவோடு தனியாகப் போகிறேன். மயிலாப்பூர் ஜலஜா மாமியின் பெண் அனன்யாவுக்கு நிச்சயதார்த்தம். என் வீட்டுக்காரர் ஆசிஃபுக்கு அன்றே கே.கே. நகரில் கல்யாணம். அவர் எடுக்க வேண்டிய கல்யாணம், அவருடையது இல்லை!

ஜன. 24, சனி
கார்டு 64 ஜிபி. "கேமராவுல வினாடிக்கு நூறுன்னு வச்சிருக்கேன். அதைத் தொடாதே" என்று ஆசிஃப் சொல்லிவிட்டுப் போனார். நூறு என்ன? எம்பிதானே? 64,000-ஐ நூறால் வகுத்தேன். 640 வினாடி. பத்து நிமிஷம் நாற்பது வினாடி. விசேஷமோ மூன்று மணி நேரம்!

மூன்று தடவை வகுத்தும் அதே விடை. கேமராத் திரையில் மிச்ச நேரம் காட்டும் மூலை உடைஞ்சு கிடக்கு. அவரைக் கேட்கலாமா? "இதுகூடத் தெரியாமலா கேமரா கேட்டே?" என்பார். கேட்க மாட்டேன்.

ஜன. 25, ஞாயிறு
ரேஷன் போட்டு எடுத்தேன். லக்னப் பத்திரிகை வாசித்தது ஒரு நிமிஷம். தட்டு மாற்றியது ஒன்றரை. அனன்யாவின் சித்தப்பா ஸ்ரீநாத் பாட உட்கார்ந்தார். முப்பதாவது வினாடியில் அணைத்துவிட்டேன். அவர் கண்ணை மூடிக்கொண்டு முக்கால் மணி நேரம் பாடினார். நானும் அணைந்த கேமராவுக்குப் பின்னால் தலையாட்டிக்கொண்டே நின்றேன் – வேறென்ன செய்ய?

வீட்டில் ஆசிஃப் பார்த்தால், கார்டில் எட்டில் ஏழு பங்கு காலி.

"அது நூறு மெகாபிட், மஹ்விஷ்! எட்டு பிட் சேர்ந்தாத்தான் ஒரு பைட்."

நூறை எட்டால் வகுத்தால் பன்னிரண்டரை எம்பி. 64,000-ஐ அதால் வகுத்தால் 5,120 வினாடி. எண்பத்தைந்து நிமிஷம். போதாததற்கு, பையின் சைடு ஜிப்பில் இன்னும் இரண்டு கார்டு வைத்திருந்தாராம். சொல்லவே இல்லையே, மனுஷா!

அழுகையா வருது. இனிமே யார் என் கையில கேமரா கொடுப்பாங்க?

ஜன. 28, புதன்
மாமி வீட்டுக்கு நானே போய் வீடியோவைப் போட்டுக் காட்டினேன்.

"ஸ்ரீநாத் பாட்டு இவ்ளோதானா?" என்றார் மாமி.

"வகுத்தல்ல தப்பு பண்ணிட்டேன், மாமி. மன்னிச்சுடுங்க."

"மொத்தமே பத்து நிமிஷமா?"

"ஆமா."

மாமி நாற்காலியைத் திரைப் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டார்.

"எங்க கிருகப்பிரவேச வீடியோ நாலு மணி நேரம். இன்னிவரைக்கும் ஒருத்தரும் முழுசாப் பாத்ததில்லே. இன்னொரு தடவை போடு."

நாலு தடவை போட்டேன். மோதிரம் விரலில் மாட்டிக்கொண்டு அனன்யா சிரிக்கிற இடத்தில் மாமி ஒவ்வொரு முறையும் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

பிப். 3, செவ்வாய்
மாமி போன் செய்தார். கல்யாணத்துக்கும் நான்தான் எடுக்க வேண்டுமாம். ஆசிஃபிடம் சொன்னேன். ஸ்டூடியோ காலண்டரில் ஜூன் 7-க்கு நேரே 'கேமரா – மஹ்விஷ்' என்று எழுதினார்.

கீழே, சின்ன எழுத்தில்: 'லைட் – நான்.'