இடுப்புச் சிரையில் ஆடியது

அக்கா,

இன்று என் ஸ்கேன் அறைக்குள் தைல வாசம்தான் முதலில் வந்தது. பிறகுதான் அந்தத் தொப்பம்பட்டிப் பெண் தன் தாயின் தோளைப் பிடித்துக்கொண்டு நொண்டியபடி வந்தாள். குழந்தை பெற்றுச் சில நாள்தான் ஆகிறது. இடக்கால் தொடைவரை வீங்கியிருந்தது. "சுளுக்குங்க டாக்டர். நல்லா நீவி விட்டமுங்க" என்றார் தாய். இனி யாரும் அந்தக் காலைத் தொடக் கூடாது என்று கத்திவிட்டேன். பாவம், மிரண்டு போனார்.

பாப்பா பிறந்த புதிதில் நீயும் இதே வாசத்தோடுதான் நிலக்கோட்டையிலிருந்து என்னிடம் வந்தாய், உன் மாமியார் நீவிவிட்ட இடக்காலோடு. "சுளுக்குதான்டி. பாப்பாவுக்குப் பசிக்கும், சீக்கிரம் விடு, நான் போறேன்" என்றாய்.

தொடைச் சிரையை மேலிருந்து அழுத்தினால் கண் மூடுவதுபோல மூடிக்கொள்ள வேண்டும். பக்கத்துத் தமனி மட்டும் மூடாமல் துடித்துக்கொண்டிருக்கும். உன் சிரையோ விழித்தபடியே இருந்தது. உள்ளே ரத்தம் உறைந்து கட்டியாகியிருந்தது, நீவினால் பிய்த்துக்கொண்டு ஓடும் கட்டி. அந்தச் சிரை இடுப்புக்குள் ஏறியதும், இடப்பக்கம் மட்டும், ஒரு தமனிக்கு அடியில் நசுங்கிப் போகிறது. வாய்க்கால்மேல் ரோடு போட்ட கதைதான். எவன் பார்த்த வேலையோ என்று இன்றும் எனக்கு ஆத்திரம் வருகிறது. கருவியை அங்கே நகர்த்தினேன். கட்டியின் நுனி எதையும் பற்றாமல், உன் மூச்சுக்கு மூச்சு ஆடிக்கொண்டிருந்தது.

"அக்கா, அசையாத."

"ஏன்டி, பேயைப் பாத்த மாதிரி பாக்குற?" என்று சிரித்தாய்.

அடுத்த மூச்சில் திரையில் அது இல்லை. சிரை காலியாக, பாடப் புத்தகப் படம்போல அழகாக இருந்தது. அது இதயத்தைத் தாண்டி நுரையீரலுக்குப் போய்க்கொண்டிருக்கிறது என்று எனக்குத் தெரியும். உனக்குத் தெரியாது. "இப்ப வலி கொறஞ்ச மாதிரி இருக்குடி" என்றாய். கதவைத் திறந்து ஆட்களைக் கூப்பிட்டுத் திரும்பினேன். உன் உதடு நீலமாகியிருந்தது. முகத்தில் பாதிச் சிரிப்பு அப்படியே இருந்தது. எல்லோரும் ஓடிவந்தார்கள். ஒன்றும் பலிக்கவில்லை.

இன்றைய பெண்ணுக்குக் கட்டி சுவரோடு ஒட்டியிருக்கிறது. வார்டில் சேர்த்து ஊசி போட ஆரம்பித்துவிட்டார்கள். பிழைத்துக்கொள்வாள்.

உன் பாப்பா நாகல் நகரில் என்னோடுதான் வளர்கிறாள். பள்ளிக்கூடம் போகிறாள். அவள் வாய்விட்டுச் சிரித்தால் என் கை தானாகவே அவள் வாயைப் பொத்தப் போகிறது.

"ஏன் சித்தி, சிரிக்கக் கூடாதா?"

"சிரி தங்கம்."

சிரிக்கிறாள். அடுத்த மூச்சை அவள் இழுக்கும்வரை நான் இழுப்பதில்லை, அக்கா.