மண்டபத்துப் பின்வாசல்

ஜூலை 7, திங்கள்

காலையிலிருந்து தூறல். துணி காயவில்லை. பால் பாக்கெட்டில் அடுத்த மாதத் தேதி, இன்றைக்கே திரிந்தும் போயிருந்தது. கடைக்காரரிடம் சண்டை. மாற்றித் தரவில்லை.

மீன்காரம்மா மல்லிகாவும் புலம்பினாள். "நேத்து உனுக்குக் குடுத்த சங்கராவ என் வூட்டுக்காரரு இன்னிக்குத்தாம்மா புடிச்சிகினு வராரு. இன்னா பேஜாரு இது." நாங்கள் குழம்பு வைத்துச் சாப்பிட்டே முடித்தாயிற்று.

மாலை கல்யாணத் தரகர் போன். மடிப்பாக்கம் பையன் வீட்டிலும் வேண்டாமாம். வழக்கமான காரணம். எங்கள் பெண் பாப்பாவுக்கு ஆயில்யம், மாமியாருக்கு ஆகாது. படிப்பு, வேலை, குணம் எதுவும் இவர்கள் கண்ணில் படாது.

ஜூலை 8, செவ்வாய்

விஷயம் வெளியே வந்துவிட்டது. கேம்ப் ரோடு பக்கம் பூட்டிக் கிடக்கும் கல்யாண மண்டபம். அதன் பின்வாசலில் நுழைந்தால் நினைத்த பழைய நாளில் போய் இறங்கலாமாம். நம் ஜனம் சும்மா இருக்குமா? ராகு காலத்தில் செய்ததையெல்லாம் நல்ல நேரத்துக்கு மாற்ற வரிசையில் நிற்கிறார்கள். ஒருவர் அங்கே திருத்தினால் இங்கே ஏதோ ஒன்று பிய்ந்து போகிறது.

பக்கத்து வீட்டு சுகுணா அக்கா கிரகப்பிரவேசத்தை மாற்றிவிட்டு வந்தார். வந்து பார்த்தால் மாடியைக் காணோம். மாடியில் குடியிருந்த சார் தெருவில், கையில் சிலிண்டர். "அக்கா, என் போர்ஷன் எங்கக்கா?"

இரவு சாப்பிடும்போது இவர் சாவகாசமாக: "பாப்பா பொறந்த அன்னைக்கு டாக்டர் எத்தனை மணிக்கு வந்தாங்க, ஞாபகம் இருக்கா?"

இப்போது எதற்கு இந்தக் கேள்வி?

ஜூலை 10, வியாழன்

எனக்கு ஸ்கூல் உண்டு. ஆனால் என் வகுப்பில் பாதிப் பிள்ளைகள் நேற்றே வந்து போனதாகச் சொல்கிறார்கள்.

இவர் லீவு. திருமுடிவாக்கம் கம்பெனியில் கம்பியை வெட்டுவதற்கு முன்பே பாலிஷ் போட்ட பீஸ் வந்து விழுகிறதாம், மிஷினை நிறுத்திவிட்டார்களாம். இருக்கலாம். ஆனால் லீவு நாளில் என்றைக்கு இவர் ஷேவ் செய்திருக்கிறார்? ஸ்கூட்டர் சாவியை அரிசி டப்பாவில் ஒளித்தேன்.

மாடி சாரைக் கடையில் பார்த்தேன். போர்ஷன் கிடைத்ததா என்று கேட்டேன். "எந்த போர்ஷன் மேடம்? நான் எப்பவும் மாடம்பாக்கத்துலதானே இருக்கேன்." சிரித்துவிட்டுப் போனார். ஆக, கொஞ்ச நாளில் மறந்தும் விடுகிறது.

பயமாக இருக்கிறது. பிறந்த நேரத்தை மாற்றினால் பிறப்பது என் பாப்பாவா, வேறு யாரோவா?

ஜூலை 11, வெள்ளி

இவர் பால்கனியில் தம்பியோடு போன். ரகசியக் குரல். "கொஞ்சம் தள்ளிப் பொறந்திருந்தா மகம்டா. ஆடி பொறக்கறதுக்குள்ள முடிச்சிருக்கலாம்."

நேராகவே கேட்டேன். சத்தியம் செய்கிறார், சும்மா பேசினாராம். "போனீங்கன்னா இந்த வீட்டுப் படி ஏறாதீங்க" என்றேன்.

பாப்பா உள்ளேயிருந்து: "கரப்பான்பூச்சிக்கே பயப்படற ஆளும்மா. அவரைப் போய் சந்தேகப்படறியே." மூவரும் சிரித்தோம். ரொம்ப நாளாயிற்று இப்படிச் சிரித்து.

சாவி இன்னும் என்னிடம்தான்.

ஜூலை 13, ஞாயிறு

வெயில். கேட் பக்கம் நாற்காலி போட்டு உட்கார்ந்தேன், கீரை ஆய்கிற சாக்கில். இவர் அசையவில்லை. பேப்பர், காபி, மறுபடி பேப்பர்.

பாப்பா பூ வாங்கி வருகிறேன் என்று போனாள். கொஞ்ச நேரத்தில் போன்.

"அம்மா, மண்டபத்துப் பின்வாசல்ல நிக்கறேன். டாக்டரை ஆஸ்பத்திரி கேட்டுலயே கொஞ்சம் பேச்சுக் கொடுத்து நிறுத்தினா போதும், மகம் வந்துடும். நீயும் அப்பாவும் இனிமே யார் முன்னாடியும் தலை குனிய வேணாம்."

"வேண்டாம். அங்கேயே நில்லு. நான் வரேன்."

"நான் அதே ஆள்தானேம்மா? நேரம் மட்டும்தானே மாறும்?"

லைன் கட். சாவியைத் தேடினேன். எந்த டப்பா என்று அவசரத்தில் நினைவு வரவில்லை. அரிசி முழுக்கத் தரையில்.

போய்ச் சேர்ந்தபோது பின்வாசலில் யாரும் இல்லை. வீட்டுக்கு வந்தால் ஒரு பெண் ஹாலில் பூ கட்டிக்கொண்டிருக்கிறாள். இவர் அவளை மீரா என்கிறார்.

ஜூலை 14, திங்கள்

மடிப்பாக்கத்தில் சம்மதம். இவருக்குத் தலைகால் புரியவில்லை. கேம்ப் ரோட்டில் பாதிக் கடைகள் இல்லை, யாரும் தேடவும் இல்லை.

மீரா காபிக்கு மூன்று ஸ்பூன் சர்க்கரை போடுகிறாள். என் கால் வீக்கத்துக்குத் தைலம் தேய்த்துவிட்டாள். "ஏம்மா என்னை அப்படிப் பார்க்கறே?" நல்ல பெண். அதுதான் தாங்க முடியவில்லை.

மாலை மாடம்பாக்கம் கோயில். குருக்கள் அர்ச்சனைக்குப் பெயர், நட்சத்திரம் கேட்டார். "மீரா, மகம்" என்றார் இவர்.

"இன்னொரு அர்ச்சனை. ஆயில்யம்" என்றேன். இவர் திரும்பி என்னை முறைத்தார்.

"பேர் சொல்லுங்கோ."

வாயைத் திறந்தேன். அவளுக்கு வைத்த பெயர் நினைவில்லை. பாப்பா என்றுதான் வருகிறது.