கை நனைத்த கடல்

பீரோவைத் திறந்தால் இன்னும் அந்த வாடை அடிக்கிறது. துருவும் உப்பும் கலந்த வாடை. மூன்று முறை துவைத்து, இஸ்திரி போட்டு மடித்து வைத்த சட்டைதான். இருக்கிற வெள்ளைச் சட்டைகளில் அதுதான் கொஞ்சம் நல்லது. அதன் வலது கைப்பக்கம், தோளுக்குக் கீழே, ஐந்து விரல் அச்சு. நான்கு விரல் முன்பக்கம், கட்டைவிரல் பின்பக்கம். செம்மண்ணும் இல்லை, வெற்றிலைச் சாறும் இல்லை, துரு.

இன்று காலை என் மகள் வந்திருந்தாள். கையில் எலுமிச்சம்பழமும் உப்பும்.

"இதத் தேச்சா துருக்கறை போயிரும்ப்பா. நல்ல சட்டையப் போட்டுக் கெடுத்து வச்சிருக்கீக."

"அது கறை இல்ல ஆத்தா."

"பின்ன என்னவாம்?"

"ஒம் மாமனாரு கை."

அவள் எலுமிச்சம்பழத்தைக் கீழே வைத்தாள். சட்டையைக் கொஞ்ச நேரம் மடியில் வைத்திருந்துவிட்டு, மடித்து என்னிடமே தந்தாள். எலுமிச்சம்பழத்தைப் பிழிந்து ஆளுக்கு ஒரு டம்ளர் குடித்தோம். அவள் பஸ் ஏறிப் போன பிறகு பேப்பரை எடுத்து உட்கார்ந்தேன். மில்லில் லீவு லெட்டர் எழுதிய பிறகு நான் எழுதுகிற முதல் கடிதம் இது. பத்தாம் வகுப்பை இரண்டு முறை எழுதியும் தாண்டாதவன் எழுதுகிறேன், பிழை இருந்தால் பொறுத்துக்கொள்.

முதலில் ‘மரியாதைக்குரிய சம்பந்தி அவர்களுக்கு’ என்று எழுதினேன். அடித்துவிட்டேன். உன்னை எப்படிக் கூப்பிடுவது என்பதுதானே நம் இரண்டு பேருக்கும் கடைசிவரை இருந்த தகராறு.

திருச்சுழிப் பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்த நாளிலிருந்து நமக்குள் ஒரே சொல்தான். ஏலே. நீ லாரி ஓட்டப் போனாய், நான் பாளையம்பட்டியில் வீட்டைப் பிடித்துக்கொண்டு மில் வேலைக்குப் போனேன். எந்த ஊரிலிருந்து போன் போட்டாலும் நீ ‘ஏலே’ என்றுதான் ஆரம்பிப்பாய், என்ன விஷயம் என்பது பிறகுதான் வரும். என் மகளை உன் மகனுக்குக் கொடுத்த அன்றைக்கு அந்தச் சொல் போனது. மண்டபத்தில் நான் உன்னை ‘ஏலே இங்க வா’ என்று கூப்பிட, உன் பெரியண்ணன் என்னைத் தூணோரம் தள்ளிக்கொண்டுபோய், "இனிமே அவுக ஒங்களுக்குச் சம்பந்தி. வாங்க போங்கன்னு பேசிப் பழகுங்க" என்றார். பழகினோம். ‘வாங்க சம்பந்தி’, ‘இருக்கட்டும் சம்பந்தி’. புதுச்செருப்புப் போட்டதுபோல இரண்டு பேரும் நொண்டிக்கொண்டே நடந்தோம்.

அந்த நொண்டலில்தான் பேரன் காதுகுத்து வந்தது. நரிக்குடிப் பக்கம் உன் வீட்டு வாசலில் நீ பிளெக்ஸ் வைத்திருந்தாய். உன் தலை பூசணிக்காய் அளவு, கூலிங்கிளாஸ் போட்டுச் சிரிக்கிறது. பக்கத்தில் உன் லாரி. உன் அண்ணன் தம்பிகள், அவர்கள் பிள்ளைகள், பக்கத்து வீட்டுக்காரர்கூட இருக்கிறார். கீழ் மூலையில் நெல்லிக்காய் அளவில் நான். அதுவும் பிளெக்ஸைக் கம்பில் கட்டிய கயிறு என் மூக்குக்கு மேலேயே ஓடுகிறது. இன்றைக்கு நினைத்தால் சிரிப்பு வருகிறது. அன்றைக்கு வரவில்லை. பந்தியில் இலை போட்டு என்னை அழைக்க வந்தாய். ஊரே பார்க்க, "இவுக வீட்ல இனி நான் கை நனைக்க மாட்டேன்" என்று சொல்லிவிட்டுச் சாப்பிடாமல் வெளியேறினேன். நீயும் தடுக்கவில்லை.

உன் வீடுதான் என் மகள் வீடு என்பது எனக்குப் பஸ்ஸில் ஏறிய பிறகுதான் உறைத்தது. படிப்பு கம்மி, ரோஷம் ஜாஸ்தி. இரண்டு வருஷம் அவள் கையால் ஒரு வாய் சோறு சாப்பிடவில்லை. பேரனைப் பார்க்க வந்தால் வாசலில் நின்றே பார்ப்பேன். அவள் தண்ணீர்ச் செம்போடு நிற்பாள், நான் வேண்டாம் என்பேன். செம்பைத் திருப்பி எடுத்துக்கொண்டு உள்ளே போவாளே, அந்த முதுகைப் பார்க்க எனக்குத் தெம்பு இருந்ததில்லை.

அதனால்தான் அவள் ஒரு கடல் பயணத்தை ஏற்பாடு செய்தாள். அது மாசி மாதம். ராமநாதபுரம் கடற்கரையில் ஒரு மீனவ ஊரில், கயாக் என்ற ஒல்லிப் படகில் வழிகாட்டியோடு கூட்டிப்போய், பறவைகளையும் முங்கிப்போன பழைய கப்பலையும் காட்டுகிறார்கள் என்று மாப்பிள்ளை போனில் பார்த்துச் சொன்னாராம். காரில் உன் வீட்டம்மாவும் என் வீட்டம்மாவும் பேரனோடு நடுவில் உட்கார, நீ முன்னால், நான் பின்னால். பார்த்திபனூர் தாண்டும்வரை நாம் ஆளுக்கொரு பக்கம் கருவேலங்காட்டையே எண்ணிக்கொண்டு வந்தோம்.

கரையில் வழிகாட்டி, ராணி என்கிற மீனவத் தங்கச்சி, ஒரு படகுக்கு இரண்டு பேர் என்றாள். வீட்டம்மாக்கள் பேரனோடு கரையிலேயே இருந்துகொள்ள, மகளும் மாப்பிள்ளையும் ஒன்றில் ஏறி உட்கார்ந்துவிட்டார்கள். இன்னொன்றுதான் மிச்சம். அப்போதுதான் இது சதி என்று புரிந்தது. கனமான ஆள் பின்னால் உட்கார வேண்டும் என்று உன்னைப் பின்னால் அனுப்பினாள். காலமெல்லாம் ஸ்டியரிங் பிடித்தவனுக்குக் கிளீனர் சீட்டு. அதில் எனக்கு ஒரு அற்ப சந்தோஷம்.

படகு நேராகப் போகவில்லை. வட்டம் அடித்தது. நீ ஒரு பக்கம் வலிக்க, நான் ஒரு பக்கம் வலிக்க, செக்குமாடு தோற்றது. பேச்சுவார்த்தை இல்லாதவர்கள் என்ன செய்வோம். தன் படகில் முன்னால் போன ராணியிடம் சொன்னேன்.

"தங்கச்சி, பின்னாடி இருக்கவுகள வலது பக்கம் வலிக்கச் சொல்லு."

நீ விடுவாயா. "தங்கச்சி, முன்னாடி இருக்கவுகள தண்ணிய வலிக்கச் சொல்லு. சோத்துல மோர ஊத்திப் பெசையிற மாதிரி இருக்கு."

அவள் துடுப்பைக் குறுக்கே போட்டுத் திரும்பினாள். "ஒரே படகுல இருந்துக்கிட்டு எனக்கு லெட்டர் போடுறீகளே, நான் என்ன போஸ்டாபீசாண்ணே? முன்னவரு வலிக்கிற மாதிரியே பின்னவரும் வலிங்க. வாயே வேணாம்."

அப்படியே செய்தோம். படகு அம்பு மாதிரி போனது. பேசாமலே ஒத்துப்போக முடிகிறதே என்று எனக்கு ஆச்சரியம்.

முதலில் அலையாத்திக் காடு. சேற்றிலிருந்து குச்சி குச்சியாக வேர்கள் வானம் பார்த்து நின்றன. பருத்திச்செடி மாரை வெட்டிய கரிசலில் கட்டை நிற்குமே, அதே போல. "மரம் மூச்சு விடுறது அது வழியாத்தாண்ணே" என்றாள் ராணி. தண்ணீர் போதாமல் சாகிற மரங்களை மட்டுமே பார்த்தவர்கள் நாம். தண்ணீரில் நின்றுகொண்டு மூக்கை வெளியே நீட்டுகிற மரத்தைப் பார்த்ததும் என் துடுப்பு தானாக நின்றது. உன் துடுப்பும் நின்றது. காடு முடிந்து வெட்டவெளி வந்ததும், தூரத்தில் அருப்புக்கோட்டையில் சாயம் தோய்த்த நூல்கழியைக் கம்பில் காயப்போட்டதுபோல ஒரு ரோஸ் நிற வரிசை. கடலுக்கு நடுவில் யார் நூல் காயப்போட்டது என்று நான் யோசித்துக்கொண்டிருக்கும்போதே அந்த நூல் எழுந்து பறந்தது. பூநாரைகள். தலைக்கு மேலே போகும்போது சிறகின் அடிப்பக்கம் தீக்கங்காகத் தெரிந்தது. நான் வாயைத் திறந்தபடி அண்ணாந்திருந்தேன். ஒரு பறவையும் என்மேல் அதன் வேலையைச் செய்யாமல் போனது என் குலசாமி புண்ணியம்.

அதற்குப் பிறகு கப்பல்.

தூரத்தில் பார்க்கையில் ஏழெட்டு இரும்பு விலா எலும்புகள் தண்ணீருக்கு மேலே நின்றன. ஒவ்வொன்றின் உச்சியிலும் ஒரு நீர்க்காகம் சிறகை விரித்துக் காயவைத்துக்கொண்டிருந்தது. கிட்டே போய்க் குனிந்தால், கண்ணாடி மாதிரித் தண்ணீர். அடியில் ஓடு ஓடாகக் குவியல். வீடு வேயக் கொண்டுபோன ஓடுகள் என்றாள் ராணி. எந்த ஊர் வீட்டுக்கோ புறப்பட்ட கூரை. அந்த ஓடுகளின் இடுக்கில் மஞ்சளும் நீலமுமாக மீன்கள் வாசல் வழியாகப் போவதும் வருவதுமாக இருந்தன. கூரை போய்ச் சேர வேண்டிய இடத்துக்குப் போகவில்லை, ஆனாலும் ஒரு ஊரே அதற்குக் கீழே குடியிருந்தது.

"எப்படி முங்குச்சாம் தங்கச்சி?" என்று நீ கேட்டாய்.

"எங்க தாத்தா காலத்துக்கும் முந்தினதுண்ணே. யாருக்குத் தெரியும்."

"ஓவர் லோடு" என்றாய். "பாத்தாலே தெரியுது."

ராணி தொடாதீர்கள், இரும்பு கையைக் கிழிக்கும் என்றாள். நீ கேட்கவில்லை. காலையில் வண்டி எடுக்கும்முன் லாரியின் முகப்பைத் தொட்டுக் கும்பிடுவாயே, அதேபோல அந்த விலா எலும்பைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாய். முங்கிப்போன வண்டிக்கும் ஒரு டிரைவர் இருந்திருப்பான் அல்லவா. நான் முன்னால் திரும்பிக்கொண்டேன்.

அப்போதுதான் கவனித்தேன். இரும்பில் ஈரக்கோடு ஒன்று. வந்தபோது தண்ணீர் அந்தக் கோட்டில் இருந்தது. இப்போது அதற்கு ஒரு சாண் கீழே. கண்மாயில் அப்படி இறங்கினால் என்ன அர்த்தம் என்று நமக்குத் தெரியும்.

"ஏலே, தண்ணி எறங்குதுலே. எங்கயோ கரை ஒடைஞ்சிருச்சு."

"ஆமாலே. எவனோ மடையத் தெறந்துட்டான். திருப்புலே படக."

ராணி சிரித்த சிரிப்பில் நீர்க்காகங்கள் பறந்துவிட்டன. "கரையா? மடையா? யண்ணே, இது கடலு. இப்ப வத்தம். கடலு வத்தும், மறுபடி ஏறும்."

"வத்துனது எப்பத் தங்கச்சி ஏறும்? ஐப்பசியிலயா?" என்றாய் நீ.

"சாயங்காலம்ணே."

சாயங்காலம். வற்றிய கண்மாயைப் பார்த்துக்கொண்டு அடுத்த வருஷத்துக்குக் காத்திருக்கிற ஊரில் பிறந்தவர்கள் நாம். சில வருஷம் அதுவும் வராது. இங்கே இத்தனை பெரிய தண்ணீர் காலையில் வற்றி, சாயங்காலம் தானாகத் திரும்பி வருகிறது. யாரும் மழை கேட்டுக் கஞ்சி காய்ச்சவில்லை, யாரும் கும்பிடவில்லை.

அந்த நேரத்தில் படகுக்கு ஒரு முழம் தள்ளி, கூரை ஓடுகளுக்கு அடியிலிருந்து ஒரு ஆமை மேலே வந்தது. மாட்டு வண்டிச் சக்கரத்தில் பாதி இருக்கும். தலையைத் தூக்கி, கிழவர் வெயிலில் வந்து உட்கார்ந்ததுபோல ‘புஸ்’ என்று ஒரு மூச்சு விட்டது. நம்மைப் பார்த்தது. நீ பின்னாலிருந்து எட்டி என் கையைப் பிடித்தாய். அந்தப் பிடிதான் இந்தச் சட்டையில் இருப்பது. நான் என்னை அறியாமல் ஆமை மூச்சுவிட்ட இடத்தில் கையை வைத்தேன். அது போய்விட்டது. மணிக்கட்டுவரை தண்ணீர், வெதுவெதுப்பாக.

உன் வாய் என் காதுக்குக் கிட்டே வந்தது.

"கை நனைச்சிட்டீல."

நான் திரும்பவில்லை. திரும்பினால் அழுதுவிடுவேன் என்று தெரியும், உன் மருமகள் பக்கத்துப் படகில் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இது ஒன் வீட்டுத் தண்ணி இல்லலே" என்றேன்.

"ஏலே, எல்லாம் ஒரே தண்ணிதான். ராத்திரிக்கு வா. ஒம் மக மீன் கொழம்பு வச்சா தெரு மணக்கும்."

வந்தேன். மகள் செம்பில் தண்ணீர் கொண்டுவந்து ஊற்றினாள். எத்தனை முறை சோறு வாங்கினேன் என்று கேட்காதே. பிளெக்ஸில் நான் இருந்த அளவுக்கும் அன்றைக்கு நான் சாப்பிட்ட அளவுக்கும் சம்பந்தமே இல்லை என்று நீதான் சொன்னாய். அதற்குப் பிறகு நமக்குள் திரும்பவும் ‘ஏலே’தான், உன் பெரியண்ணன் இல்லாத இடத்தில்.

ஆறு மாதம்தான். ஆவணியில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்த நீ எழுந்திருக்கவில்லை. உன்னை நடுவீட்டில் கிடத்தியிருந்தார்கள். உன் அண்ணன், பங்காளிகள், ஊர்க்காரர்கள் எல்லாரும் நிற்கிறார்கள். நான் மாலையோடு குனிந்தேன். ‘ஏலே’ என்று கூப்பிட அத்தனை பேருக்கு முன்னால் நா எழவில்லை. ‘சம்பந்தி’ என்று சொல்லவும் மனம் வரவில்லை. ஒன்றுமே சொல்லாமல் மாலையைப் போட்டுவிட்டு வந்துவிட்டேன். நான் பிளெக்ஸுக்குக் கோபப்பட்டவன். அதைவிட அற்பமான காரியம் அன்றைக்கு நான் செய்ததுதான்.

கடல் சாயங்காலம் திரும்பி வரும் என்றாள் ராணி. ஆள் வராது, அது எனக்குத் தெரியும். என்றாலும் ஞாயிற்றுக்கிழமை ஆனால் பஸ் ஏறி உன் வீட்டுக்குப் போய்விடுகிறேன். மகள் இலை போடுவாள். நான் செம்பை வாங்கி வாசலுக்கு வந்து, யாரும் இல்லை என்று பார்த்துவிட்டு, கையை நனைக்கும்போது மெதுவாகச் சொல்லிக்கொள்வேன்.

வந்துட்டேன்லே.