லோசானுக்கு எழுத்துத் தெரியாது

1989 செப்டம்பர் 4, திங்கள்

காலையிலிருந்து தக்காளி ஊறுகாய் வேலை. ஜாடிகளை வெந்நீரில் கழுவிக் கவிழ்த்து வைத்திருந்தபோது சம்ஃபிரா பள்ளிக்கூடத்திலிருந்து நேராக வந்தாள். தலைநகர் கிஷினாவில் போன வாரம் சட்டம் நிறைவேறியது அல்லவா, அதன் வால் எங்கள் ஊருக்கும் வந்துவிட்டது. இனி நம் மொழியை ரஷ்ய எழுத்தில் எழுதக் கூடாது, லத்தீன் எழுத்துதான். ஊராட்சி அலுவலகத்தில் உட்கார்ந்திருக்கும் எல்லோரும் குளிர்காலம் முழுக்க மாலை வகுப்பில் படித்துத் தேர்வு எழுத வேண்டும். தேறாதவர்களுக்குப் பதவி கிடையாது.

"வாத்தியாரம்மா யாரு தெரியுமா? நீதான்."

"நீ பிரெஞ்சு டீச்சர். உனக்கில்ல குடுத்திருக்கணும்?"

"நம்ம மொழிப் பாடம் எடுக்கறவ நீதானே. அதை விடு. யாரெல்லாம் படிக்க வர்றாங்கன்னு கேளு. தட்டெழுத்து ராயா, கணக்கர் கெராசிம், மாட்டு டாக்டரு. அப்புறம் தலைவர்."

"எந்தத் தலைவர்?"

"லோசான்தான்டி. போர்ஃபிர் லோசான்."

அதற்குப் பிறகு ஒரு ஜாடிக்கும் சரியாக உப்புப் போடவில்லை. எல்லாம் கெட்டுப்போகும். போகட்டும்.

செப்டம்பர் 5

தூக்கம் வரவில்லை. இத்தனை வருஷம் இதை எழுதப் பயந்தேன். இப்போது எழுதலாம்.

அப்பா இரிமியா ருமேனியர் காலத்தில் பள்ளிக்கூடம் போனவர். ரஷ்யர்கள் வந்து அந்த எழுத்தைத் தடுத்த பிறகும், சாகும்வரை லத்தீன் எழுத்தில்தான் கையெழுத்துப் போட்டார். 1974இல் அவர் போனபோது, என் தம்பி சாவா ஓக் மரத்தில் சிலுவை செய்து, அப்பா எழுதுகிற மாதிரியே அவர் பெயரைச் செதுக்கி நட்டான். வேறெதுவும் இல்லை. பெயர், பிறந்த வருஷம், இறந்த வருஷம்.

அப்போதும் லோசான்தான் ஊர்த் தலைவர். மன்றத்தில் கூட்டம் போட்டார். ஊரே உட்கார்ந்திருந்தது. "எனக்கு இந்த எழுத்து ஒண்ணுகூடத் தெரியாது. ஆடு மேய்ச்சவன், பட்டாளத்துலதான் எழுத்துக் கத்துக்கிட்டேன், அதுவும் ரஷ்ய எழுத்து. தெரியாத எழுத்துல யாரைத் திட்டியிருக்கோ, என்ன கோஷம் போட்டிருக்கோ, யாரு கண்டா? மேலிடத்துக்குச் சொல்லித்தான் ஆகணும்."

"எங்கப்பா பேருதாங்க எழுதியிருக்கு," என்றான் சாவா.

"அது நீ சொல்றே."

மேலிடத்திலிருந்து ஆட்கள் வந்து உளியால் அப்பாவின் பெயரைச் சுரண்டினார்கள். சாவாவுக்கு எங்கேயும் வேலை கொடுக்கவில்லை. வடக்கே நிலக்கரிச் சுரங்கத்துக்குப் போனான். மண் சரிந்தது. அங்கேயே புதைத்தார்கள். எனக்குத் தந்திதான் வந்தது.

ஊரில் லோசானைக் கரித்துக் கொட்டாத வாய் இல்லை. ஆனால் முகத்துக்கு நேரே யாராவது ஏதாவது சொன்னால் அவர் கையை விரிப்பார்: "தெரியாமச் செஞ்சேன்." தெரியாமலாம். அவர் வயசுக்காரர்கள் எல்லோரும் அந்த எழுத்தில்தானே படித்தார்கள்? ஆனால் அவர் தெற்கே எங்கிருந்தோ வந்தவர். எந்தப் பள்ளியில் படித்தார் என்று சொல்ல இங்கே ஆள் இல்லை.

அக்டோபர் 9

முதல் வகுப்பு. பிள்ளைகளின் பெஞ்சில் முழங்கால் நுழையாமல் முன்வரிசையில் உட்கார்ந்தார்.

"டீச்சரம்மா, கிழட்டுக் குதிரைக்குப் புது நடை பழக்கறீங்க. அடிக்காம சொல்லிக்குடுங்க."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அடிக்காமல்தான் சொல்லிக் கொடுப்பேன். யானைக்கு ஒரு காலம் வந்தால் பூனைக்கு ஒரு காலம்.

அக்டோபர் 23

லோசான் மூன்றாவது எழுத்திலேயே நிற்கிறார். நான் ரசிக்கிறேன்.

நவம்பர் 13

எப்படி எழுதுவது?

அடுப்புப் பக்கத்தில் இடம் பிடிக்க அவர் எப்போதும் முதலில் வருவார். இன்று நான் அதற்கும் முன்னால் போய், கரும்பலகையில் லத்தீன் எழுத்தில் பெரிதாக எழுதினேன்: தலைவரின் கோட்டு முதுகெல்லாம் சுண்ணாம்பு. எழுதிவிட்டு தாழ்வாரக் கதவுக்குப் பின்னால் நின்று இடுக்கு வழியாகப் பார்த்தேன். மற்றவர்கள் யாரும் இன்னும் வரவில்லை.

வந்தார். பூட்ஸ் சேற்றைத் தட்டினார், தொப்பியைக் கழற்றினார், பலகையைப் பார்த்தார். கை தானாக முதுகுக்குப் போனது. தட்டினார். போதாதென்று கோட்டைக் கழற்றி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்!

உள்ளே போய்ப் பலகையை அழித்தேன்.

"சீக்கிரமே வந்துட்டீங்க தலைவரே."

"குளிருதில்ல டீச்சரம்மா."

மூன்று எழுத்து தெரிந்தவர் ஒரு வரியைப் படித்தார். அப்படியென்றால் அன்றைக்கு அப்பாவின் பெயரையும் படித்திருக்கிறார். ஒவ்வொரு எழுத்தையும் படித்துவிட்டுத்தான் மன்றத்தில் எழுந்து நின்று அப்படிப் பேசினார். சாவாவின் முகத்தைப் பார்த்துக்கொண்டே! பாவி. பாவி.

நவம்பர் 14

சம்ஃபிராவிடம் சொன்னேன்.

"எல்லார் முன்னாடியும் கஷ்டமான பக்கமாக் குடுத்துப் படிக்க வை. வாய் தவறிக் கடகடன்னு படிச்சான்னா மாட்டினான்."

"படிச்சா பாஸ். பாஸானா நாற்காலி. என் கையாலேயே அவனுக்கு நாற்காலி போடணுமா?"

"நாற்காலி பெரிசா, உண்மை வெளிய வர்றது பெரிசாடி?"

எனக்கு அவர் நாற்காலி பறிபோக வேண்டும். அவர் கடைக்குள் நுழையும்போது ஒருவரும் எழுந்து வழிவிடக் கூடாது. சாவா வேலை கேட்டு நின்ற அலுவலக வாசலில் அவரும் தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டும்.

டிசம்பர் 24

ஆற்றுக்கு அப்பால் ருமேனியாவில் ஆட்சி கவிழ்ந்து துப்பாக்கிச் சத்தம். எல்லோர் வீட்டிலும் வானொலி அலறுகிறது. உலகமே கவிழ்கிறது என்று சம்ஃபிரா அழுகிறாள். எனக்கு ஒரே ஒருவர் கவிழ்ந்தால் போதும்.

1990 பிப்ரவரி 26

தேர்வு. மாவட்டத்திலிருந்து ஓர் அதிகாரி வந்து அடுப்போரம் பாதித் தூக்கத்தில் இருந்தார். லோசானைக் கடைசியாகக் கூப்பிட்டேன். திராட்சைக் கொடியைக் கத்தரிப்பதைப் பற்றி ஒரு பத்தி. எழுத்துக்கு அடியில் விரலை வைத்துத் திக்கித் திணறிப் படித்தார். என்ன நடிப்பு! பலகையில் எழுதச் சொன்னேன், கோணல்மாணலாக எழுதினார். நியாயமாகப் பார்த்தால் பாஸ். கெராசிம் அதைவிட மோசமாக எழுதினார், அவரைப் பாஸ் போட்டேன்.

லோசானின் தாளில், 'இந்த எழுத்தில் ஒன்றுகூட அறியாதவர்' என்று எழுதினேன்.

அதிகாரி விழித்துக்கொண்டார். "ஒண்ணுகூடவா?"

"ஒண்ணுகூட."

கையெழுத்து, முத்திரை. ஒரு பிரதி லோசானுக்கு. லத்தீன் எழுத்தில் நான் எழுதியதை, ஒன்றும் அறியாத அந்த மனிதர் நின்று நிதானமாக முழுவதும் படித்தார். கத்துவார், காலில் விழுவார் என்று காத்திருந்தேன்.

"சரி டீச்சரம்மா. நீங்க சொன்னா சரியாத்தான் இருக்கும்," என்றார். தாளை மடித்து உள்பையில் வைத்துக்கொண்டு என் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

மார்ச் 12

நாற்காலி போயிற்று! ரொட்டி வரிசையில் லோசான் கடைசியில் நின்றார். ஒருவரும் இடம் விடவில்லை. நான் வேண்டுமென்றே மெதுவாகச் சில்லறை பொறுக்கினேன்.

வீட்டுக்கு வந்து மாவு பிசைந்து, பாலாடைக்கட்டி வைத்துப் பிளாசிந்தா சுட்டுத் தனியாக உட்கார்ந்து தின்றேன். வஞ்சம் கசக்கும் என்கிறார்கள். சொன்னவர்கள் தின்று பார்த்ததில்லை.

ஏப்ரல் 17

பக்கத்து ஊர்த் தச்சர் புதுச் சிலுவை நட்டுவிட்டார். அப்பாவின் பெயர், அப்பாவின் எழுத்தில். அதற்குக் கீழே சாவாவின் பெயரும்.

அடுத்த திங்கள் இறந்தவர்களின் ஈஸ்டர். ஊரே கல்லறைத் தோட்டத்தில் கூடி, செத்தவர்கள் பெயரால் ரொட்டியும் வைனும் கொடுக்கும். லோசானைக் கூப்பிடுவேன். இறந்தவர் பெயரால் கொடுப்பதை வேண்டாம் என்று சொல்ல இந்த ஊரில் யாருக்கும் தைரியம் கிடையாது. வருவார். எல்லோர் காதிலும் விழும்படி சிலுவையைப் படிக்கச் சொல்வேன். படித்தால் பொய்யர். படிக்காமல் நின்றால், செத்தவர் முன்னால் வாயடைத்து நின்றார் என்று ஊர் பேசும்.

சம்ஃபிரா, "நாற்காலி போச்சே, இன்னும் என்னடி?" என்றாள்.

இன்னும் பசிக்கிறது.

ஏப்ரல் 23, திங்கள்

எழுதிவிடுகிறேன்.

கல்லறை மேல் துண்டு விரித்து, சிவப்பு முட்டை, கொலாச் ரொட்டி, வைன் ஜாடி வைத்தேன். நல்ல வெயில். பாதிரியார் தூபம் காட்டிவிட்டு நகர்ந்ததும் கூப்பிட்டேன். "லோசான் அண்ணே, எங்கப்பாவுக்காக ஒரு வாய் சாப்பிட்டுட்டுப் போங்க." சுற்றியிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். தொப்பியைக் கழற்றிக்கொண்டு வந்தார்.

ரொட்டியைக் கையில் வைத்துக்கொண்டு, "முதல்ல அந்தச் சிலுவையில இருக்கறதைப் படிங்க," என்றேன்.

அவர் சிலுவையைப் பார்க்கவே இல்லை. என்னைப் பார்த்தார்.

"எப்படிம்மா படிப்பேன்? எனக்கு ஒரு எழுத்தும் தெரியாதுன்னு நீங்கதானே எழுதி முத்திரை குத்திக் குடுத்தீங்க?" உள்பையிலிருந்து அந்தத் தாளை எடுத்தார். பெரியவர்கள் கையில் கொடுத்தார், சுற்றி வந்தது. "குளிர்காலம் பூரா நீங்க உயிரைக் குடுத்துச் சொல்லிக்குடுத்தும் ஏறலை. அன்னிக்கு மட்டும் எனக்கெப்படித் தெரிஞ்சிருக்கும்? தெரியாதுன்னு அப்பவே தலையில அடிச்சுச் சொன்னேன். ஒருத்தரும் நம்பலை."

வாயைத் திறந்தேன். கோட்டு, சுண்ணாம்பு, எல்லாம் நாக்கு நுனிவரை வந்தது. அதைச் சொன்னால் அந்தத் தாள் பொய். அதில் இருப்பது என் கையெழுத்து. சம்ஃபிரா தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

பக்கத்துக் கல்லறையில் நின்ற அனீசியா தலைத்துணி முனையால் கண்ணைத் துடைத்தாள். "பாவம், இந்த மனுஷன் தெரியாமத்தான் செஞ்சிருக்கார். இத்தனை வருஷம் வீணா இவரைக் கரிச்சுக் கொட்டினோமே." கெராசிம் வந்து அவர் தோளில் கை போட்டார். யாரோ அவருக்கு உட்கார இடம் விட்டார்கள்.

ரொட்டி என் கையிலேயே இருந்தது. கூப்பிட்டவள் நான். கொடுக்காமல் இருக்க முடியாது. கொடுத்தேன், ஒரு கோப்பை வைனும்.

"இரிமியாவுக்கும் அந்தப் புள்ள சாவாவுக்கும் ஆண்டவன் நல்ல இடம் குடுக்கட்டும்," என்றார். சத்தமாக, எல்லோருக்கும் கேட்கிற மாதிரி. குடித்து முடித்துக் கோப்பையை மறுபடி நீட்டினார்.

எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஊற்றினேன்.