இரண்டாம் பாதி பார்த்தவள்

மார்ச் 3, செவ்வாய்

பேராசிரியரான என் வீட்டுக்காரரின் ஏழாவது புத்தகம் வந்துவிட்டது. சினிமாவுக்கு இரண்டு, நாவல்களுக்கு மூன்று, நீர்ப்பறவைகளுக்கு இது இரண்டாவது. கொக்கையும் நாரையையும் பிரித்துச் சொல்லத் தெரியாத மனிதர். ஏரிக்கரை வெயிலில் பைனாகுலரோடு நின்றது நான். மரநிழலில் நோட்டோடு உட்கார்ந்திருந்தது பேராசிரியர். "வாலை ஆட்டுதா, தலையை ஆட்டுதா? நல்லா பார்த்துச் சொல்லு!"

கடைசிப் பக்கத்தில் நன்றி: 'பொறுமை காத்த என் இல்லத்தரசிக்கு.'

இல்லத்தரசியாம்! பத்தொன்பது வருஷமாக ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுக்கிறேன். இன்றைக்கு மட்டும் நாற்பத்தொரு பேரை மூச்சைப் பிடிக்கச் சொன்னேன்.

மார்ச் 8, ஞாயிறு

திரைப்படச் சங்கத்தில் பழைய கறுப்பு வெள்ளைப் படம். எட்டாவது புத்தகத்துக்காம். வழக்கம்போல் இடைவேளை முடிந்ததும் பேராசிரியர் தூங்கிப்போனார். வழக்கம்போல் வெளியே வந்ததும் கேட்டார்: "கடைசியில என்ன ஆச்சு?"

படத்தில், கோபித்துக்கொண்டு போன மனைவி திரும்பி வந்து கதவைத் தட்டுகிறாள். கணவன் திறக்கிறான். சுபம்.

நான் சொன்னது: "அவ வரவே இல்லைங்க. பெட்டியோட பஸ் ஏறிட்டா. அது தெரியாம இவன், என் சட்டை எங்கேன்னு அடுக்களையைப் பார்த்துக் கேட்டுக்கிட்டே இருக்கான்."

"அடடா!" பஸ் ஸ்டாப்பிலேயே எழுதிக்கொண்டார்.

பொய் இவ்வளவு லேசாக வாயில் வருமென்று எனக்கே தெரியாது.

மார்ச் 29

'பதில் வராத அடுக்களை' — முப்பத்தெட்டுப் பக்க அத்தியாயம். அந்த மௌனத்தில் ஒரு காலத்தின் பெண்குரல் கேட்கிறதாம். எழுதும்போது மூன்று தடவை டீ கேட்டார். அடுக்களையிலிருந்து மூன்று தடவையும் பதில் வந்தது.

ஏப்ரல் 7, செவ்வாய்

தலையில் இடி. வரும் ஞாயிறு அதே படத்தை மறுபடி போடுகிறார்களாம். முடிந்ததும் இவர் மேடையேறி, அந்த முடிவைப் பற்றி முக்கால் மணி நேரம் பேச வேண்டுமாம். நிஜ முடிவைப் பார்த்த சூட்டோடு இருநூறு பேர் எதிரே உட்கார்ந்திருப்பார்கள்!

சொன்னால் என் குட்டு உடையும். சொல்லாவிட்டால் அவர் மானம் போகும். நல்லா வேணும் மனுஷனுக்கு — ஐயோ, வேண்டாம். நாலு பேர் சிரித்தால் தாங்கமாட்டார். எனக்குத் தெரியாதா?

ஏப்ரல் 9, வியாழன்

துணி மடிக்கும்போது சொல்லிவிட்டேன். கத்துவார் என்று நினைத்தேன். கத்தவில்லை.

"இதுவரைக்கும் எத்தனை?"

"இது ஒண்ணுதான். மத்ததெல்லாம் நிஜம்."

ஒரு சட்டையை எடுத்து மடித்தார், கோணல்மாணலாக. பிரித்தார். மறுபடி மடித்தார்.

"நீ பெட்டியை எடுத்தியா?"

இதை நான் எதிர்பார்க்கவே இல்லை. "பரண்ல இருந்து இறக்கினேன். உள்ளே பூரா உங்க பழைய நோட்டுதான். அதை எங்கே கொட்டுறதுன்னு தெரியலை. திரும்ப வச்சுட்டேன்."

சொல்லும்போதே அழுகை வந்து தொலைத்தது. அவர் பரணையே பார்த்துக்கொண்டிருந்தார்.

ஏப்ரல் 12, ஞாயிறு

இரண்டாம் பாதி முழுக்கப் பேராசிரியர் கடைசி வரிசைக்குப் பின்னால் நின்றுகொண்டே பார்த்தார். உட்கார்ந்தால் தூங்கிவிடுவாராம்.

அவள் கதவைத் தட்டினாள். அவன் திறந்தான். அரங்கமே கேட்க இருட்டிலிருந்து இவர் குரல்: "இவ ஏன்யா திரும்பி வந்தா?"

மேடையில் அரை நிமிடம்தான் பேசினார். "இந்தப் படத்தோட பின்பாதியை இன்னைக்குத்தான் பார்த்தேன். மத்த படங்களோட பின்பாதியையும், ஏரியில இருந்த பறவைகளையும் பார்த்தது என் மனைவி. முடிவைப் பத்தி அவங்கதான் பேசணும்."

ஒருத்தரும் சிரிக்கவில்லை. சங்கத் தலைவர் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார். எக்ஸ்ரே எடுத்திருந்தால் பிரமாதமாக விழுந்திருக்கும். நான் எழுந்திருக்கவில்லை.

ஜூன் 21

முப்பத்தெட்டுப் பக்கத்தையும் கிழித்துப் போட்டுவிட்டு, "அது உன் முடிவு. உன் பேரைப் போட்டு நீயே எழுது" என்றார். எழுதினேன். பதினொரு பக்கம்.

இன்று மத்தியானம் படிக்கக் கொடுத்தேன். ஏழாம் பக்கத்தில் குறட்டை.

விழித்ததும் கேட்டார்: "கடைசியில என்ன ஆச்சு?"

"புத்தகம் வரும். வாங்கிப் படிங்க."