டாக்டர் ஒதிலியா கேட்ட கேள்வி

மலை கிளினிக், மெக்ஸிகோ
12 மார்ச் 2003

அன்புள்ள ததேயுஸ் அண்ணனுக்கு,

இயேசுவுக்கே புகழ். நீங்களும் யூனிஸ் மைனியும் சுபினும் சுகம்தானே? மூன்று கடிதம் போட்டால் ஒரு பதில் வருகிறது. பரவாயில்லை.

டாக்டர் ஒதிலியா பராசாவைப் பற்றி எழுதியிருந்தேனே, எங்கள் கிளினிக்கில் பதினோரு வருஷம் வைத்தியம் பார்த்துவிட்டு மாநிலச் சட்டசபைக்குப் போனவர். இப்போது மாநில சுகாதார மந்திரி ஆகிவிட்டார். பொம்பளை மந்திரியா என்று சிரித்தவர்கள், ஆறே மாதத்தில் மலைக்கிராமங்களுக்கெல்லாம் நர்ஸ் வந்ததும் அடங்கிவிட்டார்கள். போன வாரம் வந்தபோது எங்கள் கன்னியர் மடத்துச் சமையலறையிலேயே உட்கார்ந்து சாப்பிட்டார்.

குழந்தைகளின் நிமோனியாவுக்கு உங்கள் கம்பெனி சிரப்பை மாநிலம் முழுக்க வாங்கப் போகிறார்களாம். இங்கே ஃபிரிட்ஜ் கிடையாது. கோடையில் நாற்பது டிகிரி. "உங்க அண்ணன் அங்கதானே மருந்தைச் சோதிக்கிறார்? சூட்டுல தாங்குமான்னு கேளு. பேப்பரெல்லாம் சரியாத்தான் இருக்கு. ஒரு மனுஷன் வாயால எனக்குத் தெரியணும்" என்றார். உடனே எழுதுங்கள்.

உங்கள் தங்கை,
சிஸ்டர் ஜோவானா


பிஸ்கட்டவே, அமெரிக்கா
2 ஏப்ரல் 2003

அன்புத் தங்கைக்கு,

நாங்கள் சுகம். இன்னும் குளிர் விடவில்லை. சுபினிடம் தமிழில் பேசினால் இங்கிலீஷில் பதில் வருகிறது. கம்பெனியில் எனக்கு கிரீன் கார்டுக்கு அப்ளை பண்ணியிருக்கிறார்கள், ஜெபத்தில் நினைத்துக்கொள்.

சிரப் விஷயம் கேட்டிருந்தாய். எல்லாம் டெஸ்ட் பண்ணித்தான் அனுப்புகிறோம். தாராளமாக வாங்கலாம் என்று டாக்டரிடம் சொல்.

மைனி உனக்கு ஸ்வெட்டர் எடுத்து வைத்திருக்கிறாள். கழுத்தளவு தெரியவில்லை என்கிறாள்.

அன்புடன்,
ததேயுஸ்


மலை கிளினிக்
20 ஆகஸ்ட் 2004

அண்ணா,

சிரப் வேலை செய்யவில்லை. ஜூனில் மட்டும் பன்னிரண்டு குழந்தைகளுக்கு, வேளை தவறாமல் கொடுத்தும் காய்ச்சல் இறங்கவில்லை. டவுன் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனதில் பதினொரு பேர் பிழைத்தார்கள். ரோசாரியோ என்ற இரண்டு வயசுக் குழந்தை வழியிலேயே, என் மடியில் போய்விட்டாள். மிச்சமிருந்த பாட்டில்களைச் சோதித்ததில் மருந்தின் வீரியம் பாதிகூட இல்லையாம்.

டாக்டர் ஒதிலியா மந்திரி பதவியை விட்டுவிட்டார். கீழே உள்ள அதிகாரி தலையில் போட்டுவிடலாம் என்று கட்சிக்காரர்கள் சொன்னார்களாம். அவர் ரேடியோவில், "கையெழுத்து என்னுடையது" என்றதோடு சரி. என்னிடம் கேட்டதை எங்கும் சொல்லவில்லை. கோயில் வாசலில் இரண்டு பெண்கள் அவர் காலடியில் துப்பினார்கள். பக்கத்திலேயே நின்ற நான் வாயைத் திறக்கவில்லை.

உங்களுக்குத் தெரியுமா, தெரியாதா? அதை மட்டும் எழுதுங்கள்.

ஜோவானா


பிஸ்கட்டவே
8 மே 2006

ஜோவானா,

தெரியும்.

மருந்தை மாதக்கணக்கில் சூட்டில் வைத்து, வீரியம் குறைகிறதா என்று பார்ப்பதுதான் என் வேலை. நாலாவது மாதமே பாதியாகிவிட்டது. அந்த ரீடிங்குகளை விட்டுவிட்டு ரிப்போர்ட் எழுது என்றார் மேனேஜர். எழுதிக் கையெழுத்துப் போட்டேன். வேலை போனால் கிரீன் கார்டும் போகும். சூட்டில் தாங்குமா என்று கேட்டு நீ முதலில் எழுதிய கடிதம் வந்தபோது அந்த ரிப்போர்ட் போய் மூன்று வாரம்தான் ஆகியிருந்தது.

ஒரிஜினல் ரீடிங்குகளின் காப்பியை இதோடு வைத்திருக்கிறேன். டாக்டர் மத்திய நாடாளுமன்றத்துக்கு நிற்கிறார் என்று இன்டர்நெட்டில் படித்தேன். அவர் பெயரைச் சுத்தப்படுத்த உதவும்.

இன்னொன்றையும் மறைக்கக் கூடாது. கிரீன் கார்டு போன மாதம் வந்துவிட்டது. அதன் பிறகுதான் இதை எழுதுகிறேன்.

ததேயுஸ்


மலை கிளினிக்
21 ஜூலை 2006

அண்ணனுக்கு,

தேர்தலுக்கு ஒரு மாதம் முன்பே காகிதங்களை டாக்டரிடம் கொடுத்துவிட்டேன். எதிர்க்கட்சியார் ஊரெல்லாம் சிரப் பாட்டில் படம் ஒட்டியிருந்தார்கள். அவர் காகிதங்களை முழுக்கப் படித்துவிட்டுப் பீரோவில் வைத்துப் பூட்டினார். "குழந்தை செத்ததை வச்சு ஓட்டுக் கேக்க மாட்டேன்" என்றார். ஆனாலும் ஜெயித்தார், நானூறு ஓட்டில்.

நாடாளுமன்றத்தின் சுகாதாரக் குழுவில் இதை விசாரிக்க வைக்கப் போகிறாராம். நீங்கள் வந்து சாட்சி சொல்வீர்களா என்று கேட்டார். பதிலை அவருக்கே எழுதுங்கள். உங்கள் வார்த்தையைக் கொண்டுபோய்ச் சேர்க்க இனி என்னால் முடியாது.

ஜோவானா


மெக்ஸிகோ சிட்டி
15 மார்ச் 2007

அன்புள்ள ஜோவானாவுக்கு,

வேலையை விட்டுவிட்டேன். இங்கே வரப் புறப்படும்போது சுபின், "டிட் யூ லை டு அத்தை?" என்று கேட்டான். யெஸ் என்றேன். மைனி முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

நேற்று குழு முன் பேசினேன். ரீடிங்குகளை விடச் சொன்னது மேனேஜர், விட்டது நான் என்றேன். டாக்டர் ஒதிலியா கேட்டது ஒரே கேள்வி. "உங்கள் தங்கை கேட்டு எழுதியபோது உங்களுக்குத் தெரியுமா?" தெரியும் என்றதைப் பதிவு செய்தார்கள். பிறகு அவர் தன்னைப் பற்றியும் பதியச் சொன்னார்: லேபில் சோதிக்காமல், ஒரு கன்னியாஸ்திரி மூலம் விசாரித்துக் கையெழுத்துப் போட்டது தன் தவறு, அந்தச் சிஸ்டர் மேல் குற்றமில்லை. பேப்பர்காரர்கள் முன்னாலேயே சொன்னார். எனக்குத் தலை நிமிரவில்லை.

வெளியே வந்ததும் ரோசாரியோவின் அம்மா உங்கள் ஊரில்தான் இருக்கிறாளா என்று அவரிடம் கேட்டேன். "இருக்கா. ஆனா அவளைப் பார்க்கணுமான்னு நீங்க முடிவு பண்ணக் கூடாது" என்றார்.

அதனால் அங்கே வர பஸ் ஏறவில்லை. இந்த மாதம் முடியும் வரை இந்த லாட்ஜில் இருப்பேன். அவளிடம் கேட்டுப் பார். வேண்டாம் என்றால் எனக்கு எழுதக்கூட வேண்டாம். நான் புரிந்துகொண்டு போய்விடுகிறேன்.

உன் அண்ணன் என்று எழுதக் கை வரவில்லை.

ததேயுஸ்